முதல் புத்தகத்தில் தொடங்காதீர்கள்: டெரி பிராட்சட் பற்றிக் கேட்டவருக்கு

கேள்வி இது: "டெரி பிராட்சட் பிரிட்டனின் பெரிய நகைச்சுவை எழுத்தாளர் என்கிறார்கள். டிஸ்க்வேர்ல்ட் வரிசையில் முதல் நாவலை வாங்கினேன். கால்வாசியோடு மூடி வைத்துவிட்டேன். மற்றவர்கள் எழுதிய மாயாஜாலக் கதைகளைக் கிண்டல் செய்வதைத் தவிர அதில் ஒன்றும் தெரியவில்லை. வெறும் பகடியை வைத்துக்கொண்டு ஒருவர் 41 நாவல் எழுத முடியுமா?"

முடியாது. அவரும் அப்படி எழுதவில்லை. நீங்கள் மூடி வைத்ததிலும் தப்பில்லை, நானும் முதல் தடவை அதே புத்தகத்தை அப்படித்தான் மூடினேன்.

பகடிக்கு ஒரு பிறவிக் குறை உண்டு. அது இன்னொரு எழுத்தின் தோளில் ஏறி உட்கார்ந்திருக்கிறது. கீழே இருப்பவரைத் தெரிந்தால்தான் மேலே இருப்பவர் செய்யும் சேட்டைக்குச் சிரிப்பு வரும். நீங்கள் மூடிய அந்த முதல் நாவல், 1983இல் வெளியான 'தி கலர் ஆஃப் மேஜிக்', ஃப்ரிட்ஸ் லைபரின் வாள்வீரர்களையும், லவ்கிராஃப்டின் கொடூரத் தெய்வங்களையும், ஆன் மெக்காஃப்ரியின் டிராகன்களையும் வரிசையாக இழுத்துப்போட்டுக் கலாய்க்கிறது. அந்தக் காலத்து ஆங்கில வாசகருக்கு அந்த மூன்று பேரும் பேருந்து நிலையக் கடையில் கிடைக்கிறவர்கள். நமக்கு அப்படியில்லை. யாரென்றே தெரியாத ஒருவரைப் பலகுரல் கலைஞர் மேடையில் நடித்துக் காட்டினால் எப்படி இருக்கும்? அப்படித்தான் இருந்திருக்கும் உங்களுக்கு.

ஆனாலும் அந்தப் புத்தகத்திலேயே ஓர் இடம் இருக்கிறது. மந்திரம் ஒழுங்காக வராத மந்திரவாதி ரின்ஸ்விண்ட். அவனிடம் வந்து மாட்டுகிறான் டூஃப்ளவர், அந்த உலகத்தின் முதல் சுற்றுலாப் பயணி; ஊரில் இன்சூரன்ஸ் குமாஸ்தா. தன் ஊரில் எல்லாமே ஒரு தத்துவத்தின்படி நடக்கிறது என்று அவன் விளக்குகிறான். அந்தச் சொல் ரின்ஸ்விண்டுக்குப் புரியவில்லை. பிரித்துப் பிரித்துப் பொருள் பார்த்தால், பூமிக்கடியில் வாழும் குட்டிப் பூதங்களின் எதிரொலி என்று வருகிறது. எதிரொலி ஆங்கிலத்தில் எக்கோ; அந்தப் பூதம் நோம். சேர்த்துச் சொல்லிப் பாருங்கள்: எக்கோ-நோமிக்ஸ். பொருளாதாரத்தை மந்திர வித்தை என்று நினைத்து அந்த ஊர்க்காரர்கள் மிரளுகிறார்கள். மிரண்டது சரிதான்: இன்சூரன்ஸ் என்றால் என்ன என்று புரிந்த மறுகணம் சத்திரக்காரன் தன் சத்திரத்தையே கொளுத்துகிறான், நகரம் முழுக்கப் பற்றி எரிகிறது. இங்கே கிண்டல் லைபர் மீதோ லவ்கிராஃப்ட் மீதோ இல்லை. இன்சூரன்ஸ் மீது. பிற்கால பிராட்சட் முழுவதும் இந்த ஒரு கீற்றிலிருந்துதான் வளர்ந்தார் என்று எனக்குத் தோன்றும்.

சரி, ஆள் யார் என்று பார்க்கலாம். 1948 ஏப்ரல் 28 அன்று பக்கிங்ஹாம்ஷர் மாவட்டத்தில் பீக்கன்ஸ்ஃபீல்டு என்ற சிற்றூரில் பிறந்தவர். அப்பா மெக்கானிக், அம்மா அலுவலகச் செயலாளர், ஒரே பிள்ளை. பள்ளியில் தேற மாட்டான் என்று முத்திரை குத்தப்பட்ட பையன். ஒரு பக்கம் ஒழுங்காக வாசித்தால் ஒரு பென்னி என்று அம்மா கூலி பேசி வாசிக்க வைத்திருக்கிறார். தனக்குப் படிப்பு சொல்லிக்கொடுத்தது ஊர்ப் பொது நூலகம்தான் என்று கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தார். சனிக்கிழமைகளில் அங்கேயே வேலையும் பார்த்தார். 13 வயதில் பள்ளி இதழுக்கு ஒரு கதை எழுதினார்: நரகத்துக்குக் கூட்டம் வரவில்லை என்று சாத்தான் ஒரு விளம்பர ஆளை வேலைக்கு வைக்கிறான். அது 1963இல் 'சயின்ஸ் ஃபேன்டசி' என்ற பத்திரிகையில் விலைபோனது. கிடைத்த 14 பவுண்டில் வாங்கியது ஒரு பழைய தட்டச்சு இயந்திரம்.

17 வயதில் பள்ளியை விட்டு 'பக்ஸ் ஃப்ரீ பிரஸ்' என்ற உள்ளூர் வாரப் பத்திரிகையில் பயிற்சி நிருபர். சேர்ந்த அன்றே, மூன்று மணி நேரத்துக்குள், வாழ்க்கையில் முதல் பிணத்தைப் பார்த்தேன் என்று பின்னாளில் எழுதினார். மரண விசாரணை, பஞ்சாயத்துக் கூட்டம், கண்காட்சியில் பரிசு வாங்கிய காய்கறி என்று எல்லாவற்றையும் எழுதவேண்டிய வேலை. அதே பத்திரிகையில் சிறுவர் பகுதிக்கு 'ஜிம் மாமா' என்ற பெயரில் வாராவாரம் கதையும் எழுதினார். இந்த உள்ளூர் நிருபர் பழக்கம்தான் அவருடைய உரைநடை. டிராகன் வருகிறது என்று எழுதும்போதும், அது யார் வீட்டுக் கூரையில் இறங்கியது, கூரைக்கு யார் பணம் தருவார்கள் என்று கேட்கிற கை.

1968இல் ஒரு சிறிய பதிப்பகத்தின் இயக்குநரைப் பேட்டி எடுக்கப் போனவர், பேச்சோடு பேச்சாகத் தன்னிடம் ஒரு நாவல் கைப்பிரதி இருப்பதைச் சொல்லிவிட்டு வந்தார். அதுதான் 1971இல் வந்த 'தி கார்பெட் பீப்பிள்'. தரைவிரிப்பின் இழைகளுக்குள் வாழும் குட்டி மனிதர்களின் கதை. பதிப்பாளர் காலின் ஸ்மைத் பிற்பாடு அவருடைய முகவராகி ஆயுள் முழுக்க உடன் இருந்தார். 1976இல் ஒன்று, 1981இல் ஒன்று என்று இரண்டு அறிவியல் புனைகதைகள். இரண்டாவதான 'ஸ்ட்ராட்டா' லாரி நிவெனின் 'ரிங்வேர்ல்டு' நாவலைப் பகடி செய்கிறது. தட்டையான உலகம் என்ற எண்ணம் அதில்தான் முதலில் தலைகாட்டுகிறது. பத்தாண்டில் மூன்று புத்தகம். பெரிய பேர் ஒன்றும் இல்லை.

இதற்கு நடுவே அவர் பார்த்த வேலையைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. அமெரிக்காவில் த்ரீ மைல் ஐலண்ட் அணு உலை விபத்து நடந்தது 1979 மார்ச்சில். அதற்குக் கொஞ்ச காலத்திலேயே பிரிட்டனின் மத்திய மின் உற்பத்தி வாரியத்தில் பத்திரிகைத் தொடர்பு அதிகாரியாகச் சேர்ந்தார். அவர் பொறுப்பில் இருந்த வட்டாரத்தில் அணுமின் நிலையங்கள் பல. பயப்பட ஒன்றுமில்லை என்று நிருபர்களிடம் சொல்வதுதான் தினசரி வேலை. அந்த அனுபவத்தைப் புத்தகமாக எழுதுவேன், யாராவது நம்புவார்கள் என்றால், என்று சொல்லிச் சிரிப்பார். பின்னாளில் அவர் எழுதிய மந்திரவாதிகள் பல்கலைக்கழகத்தைப் பாருங்கள்: கையில் இருக்கும் சக்தியை எப்படியாவது பயன்படுத்தாமல் இருப்பதே தங்கள் கடமை என்று மூன்று வேளையும் மூக்குமுட்டத் தின்றுகொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். எங்கிருந்து வந்தார்கள் என்று ஊகிக்கக் கஷ்டமில்லை.

வேலை முடிந்து வீட்டுக்கு வந்து, இரவில் 400 சொல். தினமும். அவரோடு சேர்ந்து ஒரு நாவல் எழுதிய நண்பர் சொன்ன விவரம் இது: ஒரு நாள் நாவல் முடிந்துவிட்டது, அன்றைய கணக்கில் இன்னும் 100 சொல் பாக்கி. புதுத் தாளைச் செருகி அடுத்த நாவலின் முதல் 100 சொல்லை அடித்துவிட்டுத்தான் எழுந்தாராம்.

'தி கலர் ஆஃப் மேஜிக்' பிரிட்டனில் முதலில் ஐந்நூற்றுச் சொச்சம் பிரதிதான் கெட்டி அட்டையில் வந்தது. தூக்கிவிட்டது வானொலி. பிபிசியின் 'உமன்ஸ் அவர்' நிகழ்ச்சியில் அதை ஆறு பகுதியாக வாசித்தார்கள். 1985இல் கார்கி நிறுவனம் மலிவுப் பதிப்பு போட்டது. ஆமை முதுகில் நிற்கும் நான்கு யானைகள் சுமக்கிற தட்டை உலகம்தான் டிஸ்க்வேர்ல்ட்; மதியம் வானொலி கேட்டுக்கொண்டிருந்த வீடுகளுக்குள் அந்த ஆமையும் யானையும் நுழைந்தன. ஆமை, யானை என்றதும் உங்களுக்கு எங்கேயோ கேட்ட மாதிரி இருந்தால் அது சரியான நினைவு. ஆமை மேல் யானைகள், யானைகள் மேல் உலகம் என்ற படம் இந்தியப் புராணத்திலிருந்து ஐரோப்பியர்கள் எடுத்துப் போனதாகச் சொல்லப்படுவது. நம் கணக்கில் திசை யானை எட்டு. அவர் நான்கோடு நிறுத்திக்கொண்டார். டிஸ்க்வேர்ல்ட் வரிசையின் நான்காவது நாவல் 'மார்ட்' முடிந்த கையோடு, 1987இல், மின்வாரிய வேலையை விட்டார்.

திருப்பம் இங்கேதான் வருகிறது. 1987 முதல் 1989 வரை வந்த நாவல்களைப் பார்த்தால் பகடி ஒவ்வொரு படியாக இடம் மாறுவது தெரியும். 1988இல் 'வியர்ட் சிஸ்டர்ஸ்'. ஷேக்ஸ்பியரின் மேக்பெத் நாடகத்தின் பகடி. இடி, மின்னல், கொதிக்கும் கொப்பரை, சுற்றி மூன்று சூனியக்காரிகள். நாம் மூவரும் மறுபடி எப்போது சந்திப்போம் என்று ஓர் அமானுஷ்யக் குரல் அலறுகிறது. கொஞ்ச நேரம் அமைதி. பிறகு இன்னொரு குரல் சாதாரணமாகச் சொல்கிறது: அடுத்த செவ்வாய்க்கிழமை எனக்குத் தோதுப்படும். மேக்பெத் படித்திருக்க வேண்டியதில்லை இதற்குச் சிரிக்க. மாதர் சங்கக் கூட்டத்துக்குத் தேதி குறிப்பதைப் பார்த்திருந்தால் போதும். அடுத்த வருடம் 'கார்ட்ஸ்! கார்ட்ஸ்!'. சண்டைக் கதைகளில், மூன்றாம் அத்தியாயத்தை ஒட்டி, காவலர் கூட்டம் ஒன்று அறைக்குள் பாயும். ஒருவர் ஒருவராக வந்து நாயகனிடம் வெட்டுப்பட்டுச் சாகும். நம் படங்களில் அடியாட்கள் முறை வைத்துக்கொண்டு வருவார்களே, அதே. உங்களுக்குச் சம்மதமா என்று அவர்களை யாரும் கேட்டதில்லை என்று சொல்லி, அந்த நாவலை அவர்களுக்கே காணிக்கையாக்கினார். கேலியாகத் தொடங்கிய வரி, முடியும்போது கேலியாக இல்லை. குடிகாரக் காவல் தலைவன் வைம்ஸ் அந்தப் புத்தகத்தில்தான் சாக்கடையில் விழுந்து கிடந்தபடி அறிமுகமாகிறான்.

தொல்காப்பியம் அங்கதத்தைச் செம்பொருள் அங்கதம், பழிகரப்பு அங்கதம் என்று இரண்டாகப் பிரிக்கும். வெளிப்படையாகப் பழிப்பது முன்னது. பழியை உள்ளே ஒளித்து வைத்துச் சொல்வது பின்னது. பிராட்சட் 1990களிலிருந்து எழுதியதெல்லாம் பழிகரப்பு. குள்ளர்கள், பூதங்கள், ஓநாய் மனிதர்கள் என்று திரை கட்டிவிட்டு, பின்னால் நின்று லண்டனையும் மான்செஸ்டரையும் பேசினார். 'ஸ்மால் காட்ஸ்' (1992) மதத்தை, 'ஜிங்கோ' (1997) போர் வெறியை, 'தி ட்ரூத்' (2000) பத்திரிகையை, 'கோயிங் போஸ்டல்' (2004) பொதுச் சேவையைத் தனியார் விழுங்குவதை.

ஒன்றை மட்டும் பக்கத்தில் வைத்துக் காட்டுகிறேன். 1993இல் வந்த 'மென் அட் ஆர்ம்ஸ்' நாவலில் வைம்ஸ் தன் பூட்ஸைப் பற்றி யோசிக்கிறான். மாதச் சம்பளம் 38 டாலர், படி தனி. நல்ல தோல் பூட்ஸ் 50 டாலர். அவனால் முடிந்தது 10 டாலர் பூட்ஸ். அது ஒன்றிரண்டு பருவம் தாங்கும், பிறகு உள்ளே வைத்த அட்டை நைந்து தண்ணீர் புகும். 50 டாலர் கொடுக்க முடிந்தவன் பத்து வருடம் கழித்தும் கால் நனையாமல் நடப்பான். ஏழை அதே பத்து வருடத்தில் 100 டாலர் செலவழித்திருப்பான், கால் இன்னும் ஈரமாகவே இருக்கும். பணக்காரன் பணக்காரனாக இருப்பதற்குக் காரணம் அவன் குறைவாகச் செலவழிப்பதுதான் என்பது வைம்ஸின் முடிவு. இதில் எனக்குப் பிடித்தது வேறொரு விவரம்: அந்த மெல்லிய அடித்தோல் வழியாகத் தெருக்கல்லின் வடிவத்தைக் காலாலேயே உணர்ந்து, பனிமூட்ட இரவிலும் நகரத்தில் எந்தத் தெருவில் நிற்கிறோம் என்று வைம்ஸ் சொல்லிவிடுவான். வறுமையே அவனுக்கு வரைபடம். 2022இல் பிரிட்டனில் விலைவாசி ஏறியபோது, மலிவான மளிகைப் பொருள்களின் விலையைத் தனியாகக் கணக்கெடுக்கப்போவதாக அறிவித்த சமையல் எழுத்தாளர் ஜாக் மன்றோ, அந்தக் குறியீட்டுக்கு வைம்ஸ் பூட்ஸ் பெயரையே வைத்தார். பிராட்சட் குடும்பமும் சம்மதித்தது. பகடி நாவலின் ஒரு பத்தி பொருளாதார விவாதத்துக்குள் போய் உட்கார்ந்தது இப்படி.

மரணத்தைப் பற்றிச் சொல்லாமல் முடிக்க முடியாது. டிஸ்க்வேர்ல்டில் மரணம் ஒரு பாத்திரம்: அரிவாள் ஏந்திய எலும்புக்கூடு. நம் எமனுக்கு எருமை. அவருக்குப் பிங்கி என்ற வெள்ளைக் குதிரை. பூனை என்றால் உயிர். அவர் பேசுவது மட்டும் மேற்கோள் குறி இல்லாமல், முழுக்க ஆங்கிலக் கேபிடல் எழுத்துகளில், சற்றுச் சிறிய அளவில் அச்சாகும். இதைத் தமிழில் என்ன செய்வது? நம் எழுத்தில் பெரியது சிறியது கிடையாது. பழைய செய்யுள் நடையில் பேசவிடலாமே என்று முதலில் நினைத்தேன். ஒரு பக்கம் முயன்றதும் தெரிந்தது, அது பாழாக்கிவிடும். கல்வெட்டு மாதிரி எழுத்தில் பக்கத்து வீட்டுக்காரர் மாதிரிப் பேசுவதுதான் அங்கே சிரிப்பே. 'மார்ட்' நாவலில் புதிதாகச் சேர்ந்த எடுபிடிப் பையனிடம், ஒரு கறி சாப்பிட வேண்டும் போலிருக்கிறது என்று சொல்ல அவர் பயன்படுத்தும் வினை 'கொல்'. ஆங்கிலப் பேச்சு வழக்கில் அப்படி ஒரு பிரயோகம் உண்டு. இதற்கு மட்டும் தமிழ் தயாராகவே இருக்கிறது: "கொலைப்பசி." ஒரே சொல். சொல்பவர் எமன் என்பதால் கூடுதலாக எதுவும் வேண்டாம்.

1991இல் வந்த 'ரீப்பர் மேன்' நாவலில் மரணத்துக்கு வேலை போய்விடுகிறது. ஒரு கிழவியின் பண்ணையில் கூலியாளாகச் சேர்ந்து புல் அறுக்கிறார், ஒவ்வொரு தாளாக. ஏன் இப்படி என்றால், ஒவ்வொன்றையும் தனித்தனியாகக் கவனிக்க வேண்டாமா? சிரித்துக்கொண்டே வாசித்துவந்து இந்த இடத்தில் நின்றுபோனவர்கள் என்னைப் போலப் பலர் இருப்பார்கள்.

விமர்சகர்கள் அவரை நெடுநாள் உள்ளே சேர்க்கவில்லை. அத்தியாயம் பிரித்து எழுதக்கூடத் தெரியாத கத்துக்குட்டி என்று ஒருவர் தொலைக்காட்சியில் சொன்னார். அந்த வாசகத்தையே தன் புத்தகத்தில் பாராட்டுரைகளோடு அச்சிட்டுக்கொண்டார் இவர். 1990களில் பிரிட்டனில் மிக அதிகமாக விற்றவர் அவர்தான். 1998இல் இலக்கியச் சேவைக்காக பிரிட்டிஷ் அரசின் ஓபிஈ விருது வந்தபோது, இலக்கியம் எழுத முயலாமல் இருந்ததுதான் நான் செய்த சேவையாக இருக்கும் என்றார். பிரிட்டிஷ் நூலகர்கள் சிறுவர் நூலுக்குத் தரும் கார்னகி பதக்கம், 2001ஆம் ஆண்டுக்கானது, எலிகளை வைத்து எழுதிய சிறுவர் நாவலுக்குக் கிடைத்தது. பதக்கத்தைப் போலவே சாக்லேட்டில் ஒன்று செய்து கொண்டுபோய், நூலகர்கள் நிறைந்த சபையில் அதைக் கடித்துத் தின்றார். 2009இல் சர் பட்டம், அதாவது 'நைட்' என்ற வீரர் பட்டம். வீரனுக்கு வாள் வேண்டுமே என்று இரும்புத் தாதைத் தானே தேடி எடுத்து, விண்கல் துண்டுகளும் சேர்த்து உருக்கி, ஒரு வாள் செய்துகொண்டார். இது கதையில்லை, நடந்தது.

2007 டிசம்பரில் தனக்கு அல்சைமர் என்று அவரே அறிவித்தார். மூளையின் பின்பகுதியைத் தாக்கும் அரிய வகை. பேச்சும் யோசனையும் தெளிவாக இருக்கும். கண் பார்ப்பதை மூளை சேர்த்துப் பார்க்காது. விசைப்பலகையில் எழுத்துகள் எங்கே என்று பிடிபடாமல் போயிற்று. உதவியாளர் ராப் வில்கின்ஸிடம் சொல்லச் சொல்ல எழுதவைத்தும், பேச்சைக் கேட்டு எழுதும் மென்பொருளை வைத்தும் மேலும் நாவல்கள் முடித்தார். அல்சைமர் ஆராய்ச்சிக்குப் பத்து லட்சம் டாலர் கொடுத்தார். தன் சாவைத் தானே தேர்ந்துகொள்ளும் உரிமை வேண்டும் என்று 2010இல் பிபிசியின் டிம்பிள்பி உரையில் வாதாடினார். தாளைப் பார்த்து வாசிக்க முடியாததால் நடிகர் டோனி ராபின்சன் வாசித்தார். அந்தக் கடைசிக் கட்ட நாவல்கள் சில எனக்குச் சற்றுத் தொய்வாகத் தெரிகின்றன. பாத்திரங்கள் நீளமாகப் பேசுகிறார்கள். வாய்மொழியாகச் சொல்லி எழுதியதன் அடையாளம் அது. பழைய கத்தி முனை இல்லை. கோபம் மட்டும் குறையவில்லை.

2015 மார்ச் 12 அன்று 66 வயதில் வில்ட்ஷர் கிராமத்து வீட்டில் காலமானார். கட்டிலில் பூனை தூங்கிக்கொண்டிருந்தது. கடைசி நாவல் 'தி ஷெப்பர்ட்ஸ் க்ரௌன்' அதே ஆண்டு வந்தது. 10 கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்ற எழுத்தாளர்; முடிக்காத கைப்பிரதிகளை வாரிசுகள் தூசு தட்டிப் பதிப்பிப்பதுதானே வழக்கம்? இவர் அதற்கு வழி வைக்கவில்லை. அவர் சொல்லிவைத்திருந்தபடி 2017 ஆகஸ்டில் டோர்செட் நீராவி இயந்திரத் திருவிழாவில், அவருடைய கணினியின் ஹார்ட் டிஸ்க்கைத் தரையில் வைத்து, லார்ட் ஜெரிகோ என்ற பழைய நீராவி ரோடு ரோலரை மேலே ஏற்றினார்கள்.

இனி எங்கே தொடங்குவது? 'கார்ட்ஸ்! கார்ட்ஸ்!' எடுங்கள். பிடித்தால் வைம்ஸைப் பின்தொடர்ந்து 'மென் அட் ஆர்ம்ஸ்', பிறகு 2002இல் வந்த 'நைட் வாட்ச்' வரை போங்கள். அவர் எழுதியதிலேயே கனமானது அது, ஆனால் வைம்ஸைப் பல வருடம் பழகியிருந்தால்தான் அது கனக்கும். ஒரே புத்தகத்தோடு நிறுத்திப் பார்க்க வேண்டுமென்றால் 'ஸ்மால் காட்ஸ்'. முன்னும் பின்னும் எதுவும் தெரிய வேண்டாம். அடிக்குறிப்புகளைத் தாண்டாதீர்கள், பாதி நகைச்சுவை அங்கேதான் கிடக்கிறது. நீங்கள் மூடி வைத்த அந்த முதல் நாவலை ஏழெட்டுப் புத்தகம் கழித்து எடுங்கள். லைபரும் லவ்கிராஃப்டும் அப்போதும் தெரியாமல்தான் இருக்கும். ஆனால் இன்சூரன்ஸ் வாங்கிய கையோடு சத்திரத்துக்குத் தீ வைக்கிற அந்த ஆளை உடனே அடையாளம் கண்டுகொள்வீர்கள்.